வாய் நிறையப் பிள்ளைகள்

கெளுத்தி மீனுக்கு உடம்பெல்லாம் நாக்கு. நான் அளக்கவில்லை. இந்த ஒரு விஷயத்தில் எனக்கு அளக்க இடமே வைக்காமல் இயற்கை முந்திக்கொண்டுவிட்டது. மீசையில் நாக்கு, முதுகில் நாக்கு, வாலில் நாக்கு. ஏரியின் இந்தக் கரையில் உட்கார்ந்து நீங்கள் ஒரு மசால் வடையைப் பிய்த்தால், அந்தக் கரையில் இருக்கும் கெளுத்தி அதில் சோம்பு குறைச்சல் என்று முகம் சுளிக்கும். (இது மட்டும் கொஞ்சம் அளந்தது.)

இந்தச் சமாசாரத்தை வைத்துத்தான் அரசாங்கம் ஏரிச் சுவைப் பிரிவு என்று ஒன்றை ஆரம்பித்து, வீட்டில் டிவி ரிமோட்டுக்குச் சண்டை போட்டுக்கொண்டிருந்த எங்களைப் போன்ற ஓய்வு பெற்ற ஜீவன்களை வேலைக்கு எடுத்தது. ஊர் அதற்கு வைத்த பெயர் நாக்கு ஆபீஸ். மீனின் தோலுக்கடியில் அரிசி மணி அளவில் ஒரு கருவி. எங்கள் மேலண்ணத்தில் பல்செட் மாதிரி ஒரு தகடு. மீன் எதை ருசிக்கிறதோ அது எங்கள் வாயில். அதற்கு வாய் நிறைந்தால் எங்களுக்கும் நிறையும். காலையில் ஒருமுறை, மாலையில் ஒருமுறை, தண்ணீர் எப்படி இருக்கிறது என்று சொல்ல வேண்டும்.

"மேடம், இதுக்கு ஒரு கம்ப்யூட்டர் போதாதா? எங்க வாயை ஏன் நாசம் பண்றீங்க?" என்று முதல் நாளே கேட்டேன்.

"கம்ப்யூட்டர் உப்பு இவ்ளோ, அமிலம் இவ்ளோன்னு சொல்லும் சார். நேத்து இருந்த ருசி இன்னிக்கு இல்லைன்னு சொல்லத் தெரியாது."

"வயசானவன் தினமும் அதைத்தானே சொல்வான்?"

"அதுக்குத்தான் உங்களை எடுத்தோம்," என்றார் டாக்டர் நஸ்ரீன். எங்கள் பிரிவின் தலைவி. வாணியம்பாடிப் பெண். என் மகளைவிட இளையவர், என் மனைவியைவிட அதிகாரம்.

எனக்குக் கிடைத்தது பேருந்து நிலையத்துக்குப் பின்னால் இருக்கும் குட்டை. அதில் ஓர் ஆப்பிரிக்கக் கெளுத்தி. அது சாக்கடையைப் பாயசம் என்று குடிக்கும். ரப்பர் செருப்பைத் தின்று ஏப்பம் விடும். அந்த ஏப்பம் என் வாயில் வந்த அன்று மூன்று தெருவுக்கு வாந்தி. ஆனால் என் மீனுக்கு ஒரு குறையும் கிடையாது. உலகம் அழிந்த மறுநாள் காலையில் அது மட்டும் குளித்துவிட்டு டிபனுக்கு வந்து உட்காரும்.

கதை என்னுடையது அல்ல. ஏகாம்பரத்துடையது.

ஏகாம்பரம் கல்யாணச் சமையல் மாஸ்டர். அண்டாவுக்கு மேலே மூக்கை ஒருமுறை நீட்டினால் சாம்பாரில் உப்பு மட்டுமல்ல, மாப்பிள்ளை வீட்டாரின் குணமும் தெரிந்துவிடும். அவருக்கு இரண்டு பிடிவாதங்கள். ஒன்று, சூடான பாயசத்தைத் தெர்மாகோல் கிண்ணத்தில் ஊற்றினால் கரண்டியை எறிவார். "பால்ல ஒரு வெறுவாசனை ஏறும்யா, பொணத்துக்குப் பவுடர் அடிச்ச மாதிரி!" என்று பந்தியே அதிரக் கத்துவார். இரண்டு, நூறு இலை என்று சொன்னால் நூற்றைம்பதுக்கு வடிப்பார். "கல்யாண வூட்டுக்காரன் எப்பவும் கம்மியாத்தான் சொல்லுவான். சொன்னதுல பாதியைச் சேத்துக்கணும்."

கூடவே வேலை செய்த அவர் மனைவி தனபாக்கியத்துக்கும் அந்தப் பழக்கம் எலும்பில் ஊறிவிட்டது. வீட்டில் இருப்பது இரண்டே பேர். ஆனால் பால்காரர் ஒரு லிட்டர் என்று சொல்லி முடிப்பதற்குள் ஒன்றரை என்பாள். மிச்சப் பால் தெருப் பிள்ளைகளுக்குப் போகும். சொந்தப் பிள்ளை இல்லை.

இப்படிப்பட்ட நாக்குக்குத்தான் செங்கோரை ஏரியின் கடைசி முனங்கி ஒதுக்கப்பட்டது.

முனங்கி என்பது அந்த ஏரியில் மட்டும் இருந்த ஒரு கெளுத்தி. வேறெங்கும் கிடையாது. பிடித்தால் துடுப்பு முள்ளை உரசி முனகும், மூட்டுவலிக்காரர் படியேறுவது மாதிரி. ஒரு காலத்தில் ஏரியில் தண்ணீரைவிட முனங்கிதான் அதிகமாக இருந்ததாம். சாக்கடை வந்தது, என் ஆப்பிரிக்க மீனின் சொந்தக்காரர்கள் வந்தார்கள், முனங்கிகள் போயின. கருவி பொருத்தக் கிடைத்தது ஓர் ஆண். பெண் ஒன்று எங்கோ இருக்கலாம் என்பது நஸ்ரீனின் நம்பிக்கை. நம்பிக்கைக்கு அந்த ஆபீஸில் வேறு ஆதாரம் கேட்பதில்லை.

நஸ்ரீன் ஏகாம்பரத்தின் வீட்டுக்கே வந்து விளக்கினார். நானும் இருந்தேன், அவர்கள் வீட்டு அதிகப்படிக் காப்பிக்காக.

"கடைசி உயிர்ச் சட்டம்னு ஒண்ணு இருக்கு மாஸ்டர். ஒரு இனம் ஒரே ஒரு ஏரியில மட்டும் இருந்தா, அது இருக்கற வரைக்கும் அங்க ஒரு கூடை மண்ணு கொட்ட முடியாது. ஆனா ஒத்தை மீன் கணக்குல வராது. அடுத்த விசாரணைக்குள்ள முட்டை, குஞ்சு எதாவது இருக்குன்னு சொல்லணும். இல்லைன்னா முடிஞ்ச இனம்னு எழுதிடுவாங்க."

"எழுதிட்டா?"

"ஏரியைத் தூத்துட்டு ட்ரோன் கிடங்கு கட்டுவாங்க. பிரியாணி பறந்து பறந்து போகும்."

"பறக்கற பிரியாணியை எவன் துன்னுவான்?" என்றார் ஏகாம்பரம். "மூடியைத் தொறந்தா ஆவி மூஞ்சில அடிக்கணும்மா."

"இந்த மீன்ல ஒரு விசேஷம் இருக்கு. பொம்பளை முட்டை போட்டுட்டுப் போயிடும். ஆம்பளைதான் எல்லா முட்டையும் வாயில எடுத்து வச்சுக்கும். குஞ்சு பொரிஞ்சு நீந்தற வரைக்கும் எதுவும் திங்காது. வாயே தொறக்காது."

"ஆம்பளையா?" தனபாக்கியம் சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தாள். "வாயைத் தொறக்காமயா? நம்ம ஊரு ஏரிலயா?"

"முட்டை எவ்ளோ பெருசு இருக்கும் மேடம்?" என்றார் ஏகாம்பரம்.

"ஜவ்வரிசி அளவு. பொன் நிறம்."

"வலை போட்டுப் பாத்துக்கினா ஆச்சு."

"பிடிச்சா பயத்துல முழுங்கிடும் மாஸ்டர். அதனால யாரும் பாக்க முடியாது. உங்க நாக்குதான் சாட்சி. பொய் சாட்சி சொன்னா ஜெயில், அதையும் சொல்லிடறேன்."

"நான் உப்புல பொய் சொன்னதில்லைம்மா," என்றார் ஏகாம்பரம், மிகுந்த கம்பீரத்தோடு.

அதற்கப்புறம் முனங்கி காப்போம் திருவிழா வந்தது. நம் ஊரில் தெர்மாகோல் இல்லாமல் விழா செல்லாது. கல்யாணத்தில் மணமக்கள் பெயரும் அதில்தான், மாநாட்டில் தலைவர் முகமும் அதில்தான். ஆகவே முனங்கியைக் காக்க வந்தவர்கள் தெர்மாகோலில் ஒரு முனங்கி செய்தார்கள். கோயில் தேரை அதன் பக்கத்தில் நிறுத்தினால் தேர் வெட்கப்படும், அத்தனை பெரிசு. உள்ளே வரைக்கும் பொன் பெயின்ட்டைக் குழைத்து, கனத்துக்குச் சுண்ணாம்பு சேர்த்து, மீசைக்குத் தென்னம்பாளை வைத்து, படகில் கட்டி இழுத்து நடு ஏரியில் விட்டார்கள். தலைமை விருந்தினர் கைதட்டினார். எல்லாரும் தக்காளி சாதம் சாப்பிட்டுவிட்டுப் போய்விட்டார்கள். தெர்மாகோல் மீனை எடுக்க வேண்டும் என்பது யாருடைய வேலை என்று எந்த உத்தரவிலும் இல்லை. மழை வந்தது. பொன் மீன் கொஞ்சம் கொஞ்சமாக உதிர்ந்து தண்ணீருக்கடியில் போனது.

சில வாரம் கழித்து ஏரிக்கரை டீக்கடையில் நானும் ஏகாம்பரமும் பஜ்ஜி தின்றுகொண்டிருந்தோம். மனுஷர் பாதிக் கடியில் நின்றார். பஜ்ஜியை வெளியே எடுத்தார். வாயை மூடிக்கொண்டு கன்னத்தைத் தொட்டுப் பார்த்தார்.

"இன்னாய்யா, பல்லா?"

அவர் தலையாட்டினார். கண் நிறைந்துவிட்டது. உதட்டைப் பிரிக்காமல் முனகினார்: "வாய் நெறஞ்சிருக்கு டெலிபோனு."

நான் தொலைபேசித் துறையில் இருந்தவன். அவர் என்னை அப்படித்தான் கூப்பிடுவார். நான் ஓடிய ஓட்டத்தில் என் வேட்டி டீக்கடையிலும் நான் நாக்கு ஆபீஸிலும் இருந்தோம். நஸ்ரீன் செய்தியைக் கேட்டு நாற்காலியில் ஏறி நின்றார். ஏன் ஏறினார் என்று அவருக்கும் தெரியவில்லை. "பொண்ணு இருந்திருக்கா! சார், எங்கேயோ ஒரு பொண்ணு இருந்திருக்கா!" என்றார். வழக்கை விசாரிக்கும் ஏரி மன்றத்துக்குத் தகவல் போனது. மண்ணோடு வந்து நின்ற லாரிகள் திரும்பிப் போயின.

அன்றிலிருந்து ஏகாம்பரத்தால் சாப்பிட முடியவில்லை. தகடு சாட்சி என்பதால் கழற்றக் கூடாது. சோற்றை உதட்டருகே கொண்டுபோனால் உள்ளே இடமில்லாத மாதிரி இருக்கும். அதைவிட, விழுங்கிவிடுவோமோ என்ற பயம். கஞ்சித் தண்ணீரை உறிஞ்சுகுழல் வைத்துக் கடைவாயில் சொட்டுச் சொட்டாக விட்டுக்கொள்வார். பேச்சு முனகலாகச் சுருங்கியது. நான் தடுக்கி விழப்போனபோதுகூடக் கத்தாமல் கையைத்தான் காட்டினார்.

தனபாக்கியமோ தரையில் நடக்கவில்லை. காலையில் எழுந்ததும் கணவரின் கன்னத்தில் காதை வைத்துக் கேட்பாள்.

"அசையுதாய்யா?"

"ம்."

"உதைக்குதா?"

"மீனுக்கு ஏதுடி காலு?"

"வாலால உதைக்கும், உனக்கு இன்னா தெரியும்?"

கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் ஊருக்கெல்லாம் வளைகாப்புச் சமையல் செய்தவள். அவள் வீட்டில் ஒன்று நடந்ததில்லை. ஆகவே நடத்திவிட்டாள். தெருப் பெண்கள் எல்லாம் கூடி, மீசை வைத்த ஏகாம்பரத்தை மணையில் உட்காரவைத்துக் கன்னத்தில் சந்தனம் பூசி, கை நிறைய வளையல் அடுக்கினார்கள். அண்டா தூக்கியே தடித்த அந்தக் கையில் கண்ணாடி வளையல் ஏற மாட்டேன் என்றது. சோப்புப் போட்டு ஏற்றினார்கள்.

"தலைச்சன் பொண்ணா, பையனா மாஸ்டரே?" என்றாள் எதிர்வீட்டுக் கோவிந்தம்மா.

"ஒண்ணா ரெண்டா, கூடை நெறைய இருக்குது. பாதிப் பாதி வச்சுக்க," என்றாள் தனபாக்கியம்.

"பிரசவத்துக்கு எந்த ஆஸ்பத்திரி? பல் டாக்டரா?"

தெரு சிரித்த சிரிப்பில் ஏரித் தண்ணீர் கரையேறியது. புளிசாதம், எலுமிச்சை, தேங்காய், எள்ளு, தயிர் என்று ஐந்து சாதமும் மலை மாதிரி இருந்தது. மணையில் இருந்தவருக்கு மட்டும் ஒரு பருக்கை கிடையாது. நூறு பேர் என்று சொல்லி நூற்றைம்பதுக்கு ஏற்பாடு செய்திருந்தும் இருநூறு பேர் வந்துவிட்டதால் எவர்சில்வர் டம்ளர் தீர்ந்துபோனது. யாரோ கடைக்கு ஓடித் தெர்மாகோல் கிண்ணம் வாங்கி வந்து, கொதிக்கக் கொதிக்க ஜவ்வரிசிப் பாயசத்தை ஊற்றிவிட்டார்கள். கோவிந்தம்மா அதை ஏகாம்பரத்தின் மூக்கடியில் நீட்டினாள். "வாசனையாச்சும் புடி மாஸ்டரே."

ஏகாம்பரம் வாசனை பிடித்தார்.

கரண்டி பறக்கப்போகிறது என்று எல்லாரும் ஒதுங்கினோம். பறக்கவில்லை. அவர் அந்தக் கிண்ணத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். வாய்க்குள் நாக்கு மெல்ல நகர்வது கன்னத்தில் தெரிந்தது. ஒரு தடவை. இன்னொரு தடவை. பிறகு வளையல் சத்தத்தோடு எழுந்து, சந்தனக் கன்னத்தோடு ஏரிக்கரைப் பக்கம் நடந்தார். நான் பின்னாலேயே போனேன்.

மதகு மேல் உட்கார்ந்திருந்தார். வெயில் சாய்ந்துகொண்டிருந்தது.

"டெலிபோனு, இது முட்டை இல்லைய்யா."

"பின்ன?"

"விழாவுக்கு வுட்டானுங்களே பொன்னு மீனு. அதோட உதிரி."

நான் மதகில் அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"ஒருவேளை... முட்டையே அந்த மாதிரி..."

"முப்பது வருஷமா சண்டை போட்ட ருசிய்யா அது. எனக்குத் தெரியாதா? மொதல்ல அவன் நாக்குல முட்டைன்னு பட்டுது, எனக்கும் முட்டைன்னே பட்டுது. அவன் நம்பினான், நானும் நம்பினேன்."

"மேடத்துக்கிட்ட சொல்லிடலாம்."

"சொன்னா? முடிஞ்ச இனம்னு எழுதிட்டு மண்ணு கொட்டுவான். சரி, கொட்டட்டும். மேடத்துக்குச் சொல்லலாம், மன்றத்துக்குச் சொல்லலாம். உள்ளே கெடக்கறானே, அவனுக்கு எவன் சொல்றது?" அவர் கண்ணை மூடிக்கொண்டார். "துன்னாம கெடக்கான்யா. ஒவ்வொண்ணா பொரட்டிப் பொரட்டி வைக்கிறான். எல்லாத்துக்கும் தண்ணி படணும்னு. ஒண்ணுகூட கீழ வுடமாட்டேங்கறான்."

"வீட்ல?"

"பாக்கியம் காலைல பேரு வச்சுக்கினு இருந்தா. ஒம்போது பேரு வரைக்கும் வந்துட்டா."

வளையலைக் கழற்ற முயன்றார். சோப்பு இல்லாமல் அது வரவில்லை.

அவர் யாரிடமும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை, சொல்லாமல் இருந்தது என் வாழ்நாள் சாதனை, அதற்கு ஒரு பதக்கம் கொடுத்திருக்க வேண்டும். நஸ்ரீன் தினமும் வந்து கேட்பார். "எப்படி இருக்கு மாஸ்டர்?" ஏகாம்பரம் கட்டைவிரலை உயர்த்துவார். குஞ்சு பொரிந்திருக்க வேண்டிய நாள் வந்து, தாண்டிப் போனது. நஸ்ரீன் முகத்தில் ஒரு கோடு விழ ஆரம்பித்தது. "தண்ணி குளுந்து இருந்தா லேட்டாகும்," என்று அவரே சொல்லிக்கொண்டார். பொரியாத முட்டையை அந்த மீன் எப்போதுதான் கீழே விடும்? விடாது. அதற்கு அப்படி ஒரு வழக்கம் கிடையாது. அந்த இனத்தில் பொறுமை இழந்த அப்பாக்கள் எல்லாம் சந்ததி இல்லாமல் எப்போதோ போய்ச் சேர்ந்துவிட்டார்கள்.

ஏகாம்பரத்தின் இடுப்பில் வேட்டி நிற்காத நிலை வந்தது. ஒருநாள் டீக்கடையில் சரிந்தார். அரசு ஆஸ்பத்திரியில் பாட்டில் ஏற்றினார்கள். அவர் ஒல்லியாகிப்போன அழகில், ஊசி குத்தினால் அந்தப் பக்கம் வந்துவிடும் என்று நர்ஸ் பயந்தாள்.

தனபாக்கியம் கட்டிலருகே நின்று இடுப்பில் கை வைத்தாள்.

"வாயைத் தொற."

அவர் மாட்டேன் என்று தலையாட்டினார்.

"தொறய்யா. இத்தினி நாள் நீ சொமந்தது போதும். எனக்கு மட்டும் ஆசை இருக்காதா?"

விரலை விட்டுத் தகட்டை எடுத்தாள். குழாயடியில் கழுவினாள். தலையைக் கோதி முடிந்துகொண்டு, கோயிலில் தீர்த்தம் வாங்குகிற மாதிரி குனிந்து, தன் வாயில் வைத்துக்கொண்டாள்.

நான் அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். முதலில் அதில் ஒரு விளக்கு எரிந்தது. கன்னம் உப்பியது போலக் கையால் தாங்கிக்கொண்டாள். கண்ணை மூடினாள். நாக்கு ஒன்றைத் தொட்டது, புரட்டியது, அடுத்ததைத் தொட்டது. அவளும் முப்பது வருஷம் அந்தப் பாயசத்தை ஊற்றியவள்தானே.

கண்ணைத் திறந்து கணவரைப் பார்த்தாள். அவர் மின்விசிறியைப் பார்த்தார்.

"நல்லா இருக்குதுங்க," என்றாள். "எல்லாம் நல்லா இருக்குதுங்க."

அவர் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். அவர்கள் இருவரும் அதைப் பற்றி அப்புறம் பேசியதாக எனக்குத் தெரியவில்லை.

நஸ்ரீன் பதிவேட்டில் சாட்சியின் பெயரைத் தனபாக்கியம் என்று மாற்றிக்கொண்டார். சில நாள் கழித்து, காலை வேளை. ஏகாம்பரம் வீட்டுக்கு வந்துவிட்டார், கொஞ்சம் கொஞ்சமாகச் சோறு இறங்குகிறது. தனபாக்கியம் அவருக்காகக் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். கை நின்றது.

"இன்னா பாக்கியம்?" என்றேன்.

அவள் வாயைத் துழாவினாள். "ஒண்ணுமே இல்லைண்ணே. தண்ணி ருசிகூட இல்லை."

ஏகாம்பரம் தட்டைக் கீழே வைத்தார். யாரும் எழுந்திருக்கவில்லை. கீரைக்காம்பில் ஓர் எறும்பு ஏறியது, அதை மூவரும் பார்த்தோம். அப்போது வாசலில் ஸ்கூட்டர் நிற்கும் சத்தம். நஸ்ரீன் உள்ளே வந்தார். கையில் போன். அதன் திரையில் முனங்கியின் நாடிக்கோடு மலையும் பள்ளமுமாக ஓடுவதை நான் எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன். அன்று அது ரயில் தண்டவாளம் மாதிரி நேராகப் படுத்திருந்தது. நான் பார்ப்பதைக் கவனித்து நஸ்ரீன் போனைத் துப்பட்டாவுக்குள் இழுத்துக்கொண்டார்.

"எப்படி இருக்கான் அக்கா?" என்றார்.

தனபாக்கியம் நிமிர்ந்தாள்.

"துப்பிட்டான்மா."

"என்னது?"

"புள்ளைங்களை. எல்லாம் நீந்த ஆரம்பிச்சிடுச்சுங்க. அப்பன்காரன் மேல வந்து வந்து ஒரசுதுங்க. அதான் வாய் காலியாக் கெடக்குது."

நஸ்ரீன் சுவரைப் பிடித்துக்கொண்டார். நாளை மறுநாள் விசாரணை. அவர் என்னைப் பார்த்தார், ஏகாம்பரத்தைப் பார்த்தார். துப்பட்டாவுக்குள் இருந்த கை வெளியே வரவில்லை.

"சரி அக்கா," என்றார் கடைசியில். "மன்றத்துக்கு ஒரு எண்ணிக்கை சொல்லணும். நாப்பதுன்னு எழுதட்டுமா?"

"அறுவது போடும்மா," என்றாள் தனபாக்கியம், மூச்சு விடுவது மாதிரி.

நஸ்ரீன் அழுதுகொண்டே சிரித்தார். அறுபது போட்டார்.

விசாரணைக்கு வேன் பிடித்துப் போனோம். பத்துப் பேருக்கு, பதினைந்து பொட்டலம் தயிர்சாதம். ஏரி மன்றத்தின் தலைவர் அறிக்கையைப் படித்துவிட்டு, தன் பணிக்காலத்தில் இப்படி ஒரு நல்ல செய்தியைக் கேட்டதே இல்லை என்று கண்ணாடியைத் துடைத்தார். தனபாக்கியத்தை எழுந்து நிற்கச் சொன்னார். எல்லாரும் கைதட்டினார்கள். எதிர்த்தரப்பு வக்கீல்கூடக் கைதட்டினார். கைதட்டிவிட்டு எழுந்து, "மனமார்ந்த வாழ்த்துகள். இனி தேறிய இனம் என்ற பிரிவின்படி உத்தரவிட வேண்டுகிறேன்," என்றார்.

அப்படி ஒரு பிரிவு இருப்பது எங்களுக்குத் தெரியாது. நஸ்ரீனுக்கும் தெரியாது. மன்றத்துக்கே தெரியாது, தூசி தட்டித்தான் பார்த்தார்கள். சட்டம் வந்த நாளிலிருந்து எந்த உயிரும் தேறியதில்லை, அதனால் யாருக்கும் அதைப் படிக்கும் அவசியம் வரவில்லை. பிரிவு சொன்னது இதுதான்: புதுக் குஞ்சுகள் ஐம்பதுக்கு மேல் இருந்தால் அந்த இனத்துக்கு ஆபத்து நீங்கிவிட்டது. ஆபத்து நீங்கிய இனத்தைத் தொட்டியில் வளர்க்கலாம். தொட்டியில் வளர்க்க முடிந்த மீனுக்கு ஏரி எதற்கு?

வேன் திரும்பியது. தயிர்சாதப் பொட்டலங்களை யாரும் பிரிக்கவில்லை.

"நாப்பதுன்னே எழுதியிருந்தா?" என்றாள் தனபாக்கியம்.

நஸ்ரீன் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். "இன்னும் ஒரு வருஷம் தள்ளிப் போயிருக்கும் அக்கா. எழுதினது நான்தானே. விடுங்க."

ஏகாம்பரம் மடியிலிருந்த பொட்டலத்தைத் தடவிக்கொண்டிருந்தார். "ஒரு தடவை," என்றார். "ஒரே ஒரு தடவை கம்மியா வடிச்சிருக்கலாம், பாக்கியம்."

லாரிகள் வந்தபோது அவை ஏரியைச் சுற்றி நின்ற வரிசை இலங்கை வரைக்கும் இருந்தது. மண் கொட்டுமுன் குஞ்சுகளைப் பிடித்துப் பத்திரமாக இடமாற்ற வேண்டும் என்பது உத்தரவு. புது அதிகாரி ஒருவர் முழங்கால் வரை ரப்பர் பூட்ஸ் போட்டு, பெரிய வலையோடு வந்தார். இழுத்தார்கள். என் மீனின் சொந்தக்காரர்கள் கொழுக்கொழுவென்று வந்தார்கள். செருப்பு வந்தது, ஹெல்மெட் வந்தது, ஒரு பிள்ளையாரின் தலை வந்தது. முனங்கி வரவில்லை. அதிகாரி தலையைச் சொறிந்தார். சாட்சியின் பெயர் என்ன என்று கேட்டார். தனபாக்கியம் சேலைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டு ஓரடி முன்னால் வந்தாள்.

அப்போது வலையின் மடிப்பில் சேற்றோடு சேறாக ஒரு பிடி பொன் மணிகள் மின்னின.

"மேடம்! முட்டை! முட்டையே இருக்கு மேடம்!" அதிகாரி துள்ளினார். "மறுபடியும் போட்டிருக்கு!"

நஸ்ரீன் ஒன்றை எடுத்துக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்து அழுத்தினார். அது நசுங்கவில்லை. மெதுவாகக் கிறீச்சென்றது.

"முட்டைதானே மேடம்?"

நஸ்ரீன் நிமிர்ந்தார். அவர் பார்த்தது மணியை அல்ல, போர்த்திக்கொண்டு நின்ற தனபாக்கியத்தை.

"ஆமா," என்றார். "ஜாக்கிரதையா எடுங்க."

ஆக்சிஜன் பையில் போட்டு, சைரன் வைத்த வண்டியில், முதலமைச்சருக்குக்கூடக் கிடைக்காத வேகத்தில் அவை நகரத்து மீன் காட்சியகத்துக்குப் போயின. ஏரி ஒரு வாரத்தில் மேடானது. இப்போது அங்கே பிரியாணி பறக்கிறது. ஆவி இல்லை என்று ஏகாம்பரம் சொன்னது சரி.

ஞாயிற்றுக்கிழமைகளில் நாங்கள் மூவரும் காட்சியகத்துக்குப் போவோம். நுழைந்ததும் வலப்பக்கம், நீல விளக்கு போட்ட தொட்டி. செங்கோரை முனங்கி, முட்டைப் பருவம் என்று பலகை. அதுவும் தெர்மாகோல் எழுத்து. அடியில் காற்றுக்குழாய் குமிழ் விட, பொன் மணிகள் எழும்பி எழும்பி இறங்கும். பள்ளிக்கூடப் பிள்ளைகள் கண்ணாடியில் மூக்கை ஒட்டிக்கொண்டு, "டேய், அசையுதுடா!" என்று கத்துவார்கள்.

"சத்தம் போடாதீங்கடா கண்ணுங்களா," என்பாள் தனபாக்கியம்.

ஏகாம்பரம் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நிற்பார். வாய்க்குள் நாக்கு மெல்லப் புரள்வது கன்னத்தில் தெரியும்.

போன வாரம் தொட்டிக்குத் தண்ணீர் மாற்ற வந்த காவலாளியிடம் தனபாக்கியம் கேட்டாள். "எத்தினி இருக்குதுப்பா இதுல?"

"யாரும்மா எண்ணினது? ஒரு நாப்பது இருக்கும்."

அவள் உதடு பிரிந்தது. எனக்கு அந்தக் கணக்கு தெரியும். நான் காதைத் தீட்டிக்கொண்டு நின்றேன். அவள் கணவரைப் பார்த்தாள், தொட்டியைப் பார்த்தாள்.

"நாப்பதே இருக்கட்டும்," என்றாள்.